மாலுமியும் ம்வாலிமுவும்: வாசகர் கேள்விகள்

போன இதழில் ஒரு பதிலுக்கு நடுவே 'சஃபாரி என்பது சுவாஹிலிச் சொல்' என்று போகிற போக்கில் ஒரு வரி எழுதியிருந்தேன். அந்த ஒரு வரிக்கு இத்தனை கடிதங்கள் வரும் என்று நான் நினைக்கவில்லை. அதனால் இந்த முறை முழுப் பக்கத்தையும் கிழக்கு ஆப்பிரிக்கக் கடற்கரைக்கே கொடுத்துவிடுகிறேன்.

கேள்வி: சஃபாரி அரபிச் சொல் அல்லவா ஐயா? எங்கள் வீட்டில் பயணம் போவதை 'சஃபர்' என்றுதான் பெரியவர்கள் சொல்வார்கள். சுவாஹிலி என்று எழுதியது தவறு. (கீழக்கரை வாசகர்)

பதில்: வேர் அரபிதான், நீங்கள் சொல்வது சரி. ஆனால் உலகம் முழுக்க இன்று புழங்கும் 'சஃபாரி' அரபியிலிருந்து நேராகப் போனதில்லை, சுவாஹிலி பேசும் ஊர்களிலிருந்து 19ஆம் நூற்றாண்டில் ஆங்கிலத்துக்குப் போனது. அங்கே அந்தச் சொல்லுக்கும் சிங்கத்துக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. பக்கத்து ஊருக்குக் கல்யாணத்துக்குப் பேருந்தில் போனாலும் அது சஃபாரிதான். வழியனுப்புகிறவர்கள் 'சஃபாரி ஞ்ஜேமா' என்பார்கள், நல்லபடியாகப் போய் வாருங்கள் என்று அர்த்தம். இன்னொன்று தெரியுமா, 'சுவாஹிலி' என்ற பெயரே அரபியிலிருந்து வந்ததுதான். 'சாஹில்' என்றால் கரை, 'சவாஹில்' என்றால் கரைகள். கரையோரத்து மக்கள், அவர்கள் பேசும் மொழி. அவர்கள் தங்கள் மொழியைச் சொல்லும்போது முன்னால் 'கி' சேர்த்து 'கிஸ்வாஹிலி' என்பார்கள். அந்த 'கி' மட்டும் சுத்தமான ஆப்பிரிக்கச் சொத்து. அதைப் பற்றி அடுத்த பதிலில் சொல்கிறேன்.

கேள்வி: சுவாஹிலி என்பது அரபியும் ஆப்பிரிக்க மொழியும் பாதிக்குப் பாதி கலந்த கலப்பு மொழி என்று கல்லூரியில் சொல்லிக்கொடுத்தார்கள். சரியா? (சென்னை வாசகி)

பதில்: சரியில்லை அம்மா. பலரும் இப்படித்தான் நம்பிக்கொண்டிருக்கிறார்கள், அதனால் இதைக் கொஞ்சம் நீட்டியே சொல்கிறேன்.

சுவாஹிலி ஒரு பாண்டு மொழி. காங்கோவிலிருந்து தென்னாப்பிரிக்கா வரை பரந்து கிடக்கும் நூற்றுக்கணக்கான மொழிகள் சேர்ந்த பெரிய குடும்பம் அது. அந்தக் குடும்பத்தில் பெயர்ச்சொற்களை எல்லாம் வகை வகையாகப் பிரித்து, ஒவ்வொரு வகைக்கும் ஒரு முன்னொட்டு வைப்பார்கள். ஒரு குழந்தை 'ம்டோடோ', பல குழந்தைகள் 'வடோடோ'. ஒரு நாற்காலி 'கிடி', பல நாற்காலிகள் 'விடி'. இங்கே பன்மை சொல்லின் தலையில் வருகிறது, நமக்கு வாலில் வருவது போல.

அந்தக் கரைக்கு 'கிதாப்' என்ற அரபிச் சொல் வந்து இறங்கியது. புத்தகம். அரபியில் அதன் பன்மை 'குதுப்'. சுவாஹிலி பேசியவர்கள் அந்தக் குதுப்பைத் திரும்பியே பார்க்கவில்லை. சொல்லின் முதல் எழுத்து 'கி' என்று இருந்ததா, அது நம்ம 'கி'தான் என்று எடுத்துக்கொண்டு, ஒன்று என்றால் 'கிதாபு', பல என்றால் 'விதாபு' என்று ஆக்கிவிட்டார்கள். அரபி வேர் கிழிந்துபோனதைப் பற்றி அவர்களுக்குக் கவலையில்லை. வந்தவன் வீட்டு வழக்கத்துக்குத் தலையைக் குனிந்துதான் உள்ளே வர வேண்டும். பிற்காலத்தில் ஆங்கிலேயர் சாலை ரவுண்டானாவில் 'கீப் லெஃப்ட்' என்று பலகை வைத்தபோதும் இதேதான் நடந்தது. ரவுண்டானா 'கிப்லெஃப்டி' ஆனது, பல ரவுண்டானாக்கள் 'விப்லெஃப்டி'. எனக்கு மிகவும் பிடித்த உதாரணம் இது, ஏனென்றால் பழைய இலக்கணம் நேற்று வந்த சொல்லையும் அப்படியே பிடித்து உட்கார வைக்கிறது.

வினைச்சொல்லிலும் அப்படித்தான். 'துலிசஃபிரி' என்றால் 'பயணம் செய்தோம்'. 'து' நாம், 'லி' இறந்தகாலம், நடுவில் அரபி வேர். நாம் 'வசூல்' என்ற அரபிச் சொல்லை எடுத்து 'வசூலித்தோம்', 'வசூலிப்பார்கள்' என்று சொல்கிறோமே, அதே வேலைதான். வசூல், பாக்கி, அசல், நகல், வக்கீல், ஜாமீன் எல்லாம் போட்டுப் பேசுவதால் தமிழ் கலப்பு மொழி ஆகிவிட்டதா? இதில் பல சொற்கள் அங்கேயும் இருக்கின்றன: மிச்சத்துக்கு 'பாக்கி', மூலத்துக்கு 'அசிலி', பிரதிக்கு 'நகலா', வக்கீலுக்கு 'வகிலி', பிணைக்கு 'தமானா'. நமக்குப் பெரும்பாலும் நவாப் காலத்துக் கச்சேரி (அரசு அலுவலகம்) வழியாக, பாரசீகத்தையும் உருதுவையும் தொட்டுக்கொண்டு வந்தவை. அவர்களுக்குக் கப்பல் வழியாக வந்தவை. 

அரபிச் சொற்கள் சுவாஹிலியில் மிக அதிகம் என்பதை நான் மறுக்கவில்லை. விலை 'பெய்', லாபம் 'ஃபாய்தா', நஷ்டம் 'ஹசாரா', கடன் 'தெனி', அடமானம் 'ரெஹானி', தராசு 'மிசானி' என்று கடைத்தெருவே அரபியில்தான் இருக்கிறது. கடல் 'பஹரி'. மீனுக்குக்கூட 'சமாக்கி' என்று அரபிச் சொல்தான், கடலோடிகளின் மொழியில் மீனுக்கே வெளியூர்ச் சொல் நுழைந்திருப்பது எனக்கு இன்றும் ஆச்சரியம். 'லாகினி' (ஆனால்), 'கப்லா' (முன்), 'பாதா' (பின்), 'பிலா' (இல்லாமல்) போன்ற சின்னச் சின்னச் சொற்களும் அரபிதான், இவையெல்லாம் நெருங்கிப் பழகாமல் வராது. ஆனால் வீடு, தண்ணீர், நெருப்பு, கை, கண், மழை, நிலா, சாப்பிடுவது, தூங்குவது எல்லாம் பாண்டு. எண்களில் பாருங்கள்: ஒன்று முதல் ஐந்து வரை பாண்டு, ஆறு 'சிதா', ஏழு 'சபா', ஒன்பது 'திசா' அரபி, எட்டும் பத்தும் மறுபடி பாண்டு. ஏழுக்கு இருந்த பழைய சொல் ஒரு மூலையில் மட்டும் உயிரோடு இருக்கிறது: புதுமணத் தம்பதி தனித்திருக்கும் நாட்களுக்கு 'ஃபுங்காத்தே' என்று பெயர், ஏழு நாள் என்று அர்த்தம். சந்தையில் ஏழு அரபிக்கு மாறிவிட்டது, கல்யாண வீட்டில் மாறவில்லை.

கேள்வி: வியாபாரத்துக்கு வந்தவன் சரக்கை இறக்கிவிட்டுப் போக வேண்டியதுதானே? சொல்லையும் சோறையும் பழக்கத்தையும் விட்டுப்போகும் அளவுக்கு அங்கே என்ன வேலை? (நாகப்பட்டினம் வாசகர்)

பதில்: நீங்கள் கடற்கரைக்காரர், உங்களுக்கு ஒரே சொல்லில் பதில் சொல்லலாம்: காற்று.

டிசம்பர் முதல் மார்ச் வரை அங்கே வடகிழக்குக் காற்று அடிக்கும், அதற்கு 'கஸ்காசி' என்று பெயர். அரேபியா, பாரசீக வளைகுடா, குஜராத் பக்கமிருந்து பாய்மரங்கள் அதில் தெற்கே வரும். ஏப்ரலில் காற்று திரும்பி 'கூசி' தொடங்கும், அதில்தான் ஊர் திரும்ப முடியும். வந்தவன் நினைத்த நாளில் கிளம்ப முடியாது. காற்று திரும்பும் வரை மாதக்கணக்கில் கரையில் கிடக்க வேண்டும். ஒரு பருவம் தவறினால் ஒரு வருடம் போயிற்று. நம் மீனவர்கள் வாடை, கொண்டல், கச்சான் என்று காற்றுக்குப் பெயர் வைத்து அதை வைத்தே ஆண்டைக் கணக்கிடுவது போல அங்கேயும் இந்த இரண்டு காற்றுகள்தான் நாட்காட்டி. வடக்குத் திசைக்கு சுவாஹிலியில் 'கஸ்காசினி', தெற்குக்கு 'கூசினி', அதாவது அந்தந்தக் காற்றின் பக்கம். கிழக்கும் மேற்கும் மட்டும் 'மஷரிக்கி', 'மகரிபி' என்று அரபியில்.

அத்தனை மாதம் தங்குகிறவனுக்கு இடம் வேண்டும், நம்பிக்கையான ஆள் வேண்டும். 1331இல் இப்னு பதூதா அந்தக் கரையில் இறங்கியபோது மொகதிஷுவில் கண்டதை எழுதி வைத்திருக்கிறார். கப்பல் வந்து நின்றதும் ஊர் இளைஞர்கள் சின்னப் படகுகளில் ஆளுக்கொரு மூடிய தட்டில் சாப்பாடு எடுத்துக்கொண்டு போய், ஒவ்வொரு வியாபாரியிடமும் கொடுத்து 'இவர் என் விருந்தாளி' என்பார்களாம். அந்த வியாபாரி அந்த வீட்டில்தான் தங்க வேண்டும், அந்த வீட்டுக்காரர் மூலமாகத்தான் விற்கவும் வாங்கவும் வேண்டும். அந்த ஊர் சுல்தானுக்கு அரபி தெரியும், ஆனால் பேசுவது ஊர் மொழியில் என்றும் அவர் குறித்திருக்கிறார். அங்கிருந்து மொம்பாசா வழியாக, இன்றைய தான்சானியக் கரையில் இருக்கும் கில்வாத் தீவுக்குப் போனார், உலகின் மிக அழகான நகரங்களில் அதுவும் ஒன்று என்று வியந்தார். தெற்கே, இன்றைய மொசாம்பிக்கில் இருக்கும் சோஃபாலாவிலிருந்து வந்த தங்கம் கில்வா வழியாகப் போய்க்கொண்டிருந்த காலம் அது, பவளக்கல்லால் கட்டிய பெரிய பள்ளிவாசல் அங்கே இன்றும் நிற்கிறது.

இந்தக் கதை இன்னும் பழையது. கி.பி. முதல் நூற்றாண்டில் ஒரு கிரேக்கக் கடலோடி எழுதிய பெரிப்ளஸ் குறிப்பில் (முசிறியையும் கொற்கையையும் சொல்கிறதே, அதேதான்) இந்தக் கரையில் ராப்டா என்ற துறைமுகம் வருகிறது. அங்கே போகும் கப்பல்களுக்கு அரபு மாலுமிகளையும் முகவர்களையும் வைப்பார்கள், அவர்கள் அந்த ஊர்ப் பெண்களை மணந்தவர்கள், அந்த மொழி தெரிந்தவர்கள் என்று எழுதியிருக்கிறது. அதைப் படித்தபோது எனக்குப் புல்லரித்தது. 2023இல் 'நேச்சர்' ஆய்விதழில் வந்த மரபணு ஆய்வு ஏறக்குறைய அதே இடத்துக்குத்தான் வந்து சேர்ந்தது. இடைக்காலக் கரையோர ஊர்களில் அடக்கமானவர்களின் எலும்புகளைச் சோதித்ததில், தாய்வழி கிட்டத்தட்ட முழுக்க ஆப்பிரிக்கா, தந்தைவழியில் பெரும்பகுதி ஆசியா, அதுவும் முதலில் பாரசீகம், கலப்பு தொடங்கியது கி.பி. 1000 வாக்கில், 1500க்குப் பிறகுதான் அரேபியப் பங்கு கூடுகிறது. '(பாரசீகத்து) ஷிராஸிலிருந்து வந்தவர்கள் நாங்கள்' என்று கில்வா மக்கள் சொல்லிவந்த கதையை வெறும் பெருமைப் பேச்சு என்று அறிஞர்கள் பலர் ஒதுக்கி வைத்திருந்தார்கள். அதில் கொஞ்சம் உண்மை இருந்திருக்கிறது. 

அப்பா பாரசீகம், ஆனால் பிள்ளை பேசியது பாரசீகம் இல்லை. கப்பல் தலைவன் 'நஹோதா', துறைமுகம் 'பந்தரி' என்று கடல் சார்ந்த சில சொற்களோடு பாரசீகம் பெரும்பாலும் நின்றுவிட்டது. அப்பா காற்றோடு போய் வருகிறவர், அம்மா வீட்டில் இருக்கிறவர், அவள் சொல்லிக்கொடுத்த இலக்கணம்தான் பிள்ளைக்கு. சுவாஹிலி ஏன் பாண்டு மொழியாகவே நின்றது என்று கேட்டால் என் பதில் இந்த அம்மாக்கள்தான். அரபிச் சொற்களில் பெரும்பகுதி பிறகுதான் சேர்ந்தது என்பது மொழியறிஞர்கள் கருத்து, 1698இல் ஓமானியர் மொம்பாசாவின் போர்த்துகீசியக் கோட்டையைப் பிடித்த பிறகு, அதிலும் ஓமான் சுல்தான் சயீத் மஸ்கட்டிலிருந்து சான்சிபார் தீவுக்குத் தலைநகரையே மாற்றிய 19ஆம் நூற்றாண்டில்.

என்ன சரக்கு என்றும் கேட்டிருக்கிறீர்கள். வடக்கிலிருந்து பேரீச்சம்பழம், துணி, பீங்கான். தெற்கிலிருந்து தங்கம், தந்தம், பிற்காலத்தில் கிராம்பு. யாரும் அதிகம் பேசாத ஒரு சரக்கு உண்டு: 'போரிதி', அதாவது அலையாத்தி மரக்கம்பு. மரமே இல்லாத வளைகுடா ஊர்களில் வீட்டுக் கூரைக்கு லாமு, ரூஃபிஜி பக்கத்து அலையாத்திக் கம்புகள்தான் போயின. கம்பு எவ்வளவு நீளமோ அவ்வளவுதான் அறையின் அகலம். அங்கே பழைய வீடுகளில் அறைகள் எல்லாம் நீளமாக, குறுகலாக இருப்பதற்கு ஆப்பிரிக்கக் கழிமுகத்தில் வளர்ந்த மரம் காரணம்.

கேள்வி: என் தங்கை மகன் தார் எஸ் சலாமில் வேலை பார்க்கிறான். காலை ஒரு மணிக்கு வரச் சொன்னார்கள் என்று நடுராத்திரி எழுந்து உட்கார்ந்தானாம். அது என்ன கணக்கு? (கோயம்புத்தூர் வாசகி)

பதில்: பாவம் பையன். 'சா மோஜா அசுபுஹி' என்று சொல்லியிருப்பார்கள், நேராகப் பெயர்த்தால் காலை ஒரு மணி, உண்மையில் ஏழு மணி. சூரியன் உதித்ததிலிருந்து எண்ணுகிறார்கள். நடுப்பகல் பன்னிரண்டு அவர்களுக்கு 'சா சிதா', ஆறாம் மணி. நம் பழைய நாழிகைக் கணக்கும் உதயத்திலிருந்துதானே? ஆறு மணியைக் கூட்டிக்கொள்ளச் சொல்லுங்கள், ஒரு வாரத்தில் பழகிவிடும். அப்புறம் கிழமையிலும் கவனமாக இருக்கச் சொல்லுங்கள். வெள்ளிக்கு மறுநாள் சனிதான் அவர்களுக்கு முதல் நாள், 'ஜுமாமோசி'. அப்படி எண்ணிக்கொண்டே வந்தால் புதன் ஐந்தாம் நாள், 'ஜுமாதானோ'. அடுத்து வியாழனுக்கு அரபிப் பெயர் 'அல்ஹமிசி', அதற்கும் ஐந்தாவது என்றுதான் பொருள், ஏனென்றால் அரபியில் ஞாயிறிலிருந்து எண்ணுவார்கள். ஒரே வாரத்தில் இரண்டு ஐந்தாம் நாட்கள்!

கேள்வி: அரபுத்தமிழ் போல சுவாஹிலியையும் அரபி எழுத்தில் எழுதினார்களா? (காயல்பட்டினம் வாசகர்)

பதில்: எழுதினார்கள், அதுவும் நூற்றாண்டுகளாக. பாத்தே தீவில் 1728இல் எழுதப்பட்ட 'உதெண்டி வ தம்புகா' என்ற நெடுங்கவிதை அரபி எழுத்தில் இருக்கும் சுவாஹிலிதான். உங்கள் ஊர் ஆலிம்கள் தமிழின் ழ, ங, ட போன்ற ஒலிகளுக்காக அரபி எழுத்தில் புள்ளிகளைச் சேர்த்தார்கள் அல்லவா, அங்கேயும் 'ப', 'ச' போன்ற ஒலிகளுக்கு அரபியில் இடமில்லாமல் ஏதாவது வழி பண்ண வேண்டியிருந்தது. இரண்டு கரையிலும் இஸ்லாமியச் சட்டத்தில் ஷாஃபி வழிமுறைதான், அதுவும் கடல் வழியாக வந்த ஒன்று. ஐரோப்பியர் ஆட்சியில் ரோமன் எழுத்து வந்தது, பள்ளிக்கூடம் அதில் நடந்தது, அரபி எழுத்து ஒதுங்கியது. இங்கே அரபுத்தமிழ் ஏடுகள் பெட்டிகளில் கிடப்பதைப் போல லாமுவிலும் கிடந்தன. இரண்டு ஊர்க்காரர்களும் ஒருவர் கதையை ஒருவர் கேட்டுக்கொள்ள வேண்டும் என்று எனக்கு ரொம்ப நாளாக ஆசை.

உங்களுக்காக ஒரு சொல்லைத் தனியாக வைத்திருந்தேன். நாம் சொல்லும் 'மாலுமி' அரபி 'முஅல்லிம்' என்பதிலிருந்து வந்தது. அதன் நேர்ப்பொருள் கற்பிப்பவர், ஆசிரியர். இந்தியப் பெருங்கடலில் நட்சத்திரம் பார்த்துக் கப்பலுக்கு வழிசொன்னவரையும் அப்படித்தான் அழைத்தார்கள். அதே சொல் சுவாஹிலியில் 'ம்வாலிமு' ஆகி, பள்ளிக்கூட வாத்தியாரைக் குறிக்கிறது, பன்மையில் 'வாலிமு'. தான்சானியாவின் முதல் அதிபர் ஜூலியஸ் நியரேரே முன்பு பள்ளி ஆசிரியராக இருந்தவர், நாடே அவரை 'ம்வாலிமு' என்றுதான் கூப்பிட்டது. ஒரே சொல் ஒரு கரையில் சுக்கானைப் பிடித்தது, இன்னொரு கரையில் சாக்கட்டியைப் பிடித்தது.

கேள்வி: கடல் வணிகம், கலாசாரம் என்று நீங்கள் இனிமையாக எழுதுகிறீர்கள். அடிமை வியாபாரத்தை ஏன் சொல்வதில்லை? (திருச்சி வாசகர்)

பதில்: கேட்டதற்கு நன்றி. சொல்லாமல் விட்டால் இந்தப் பக்கம் முழுவதும் பொய்யாகிவிடும்.

அந்தப் பாய்மரங்களில் மனிதர்களும் சரக்காகப் போனார்கள். 19ஆம் நூற்றாண்டில் அது உச்சத்துக்குப் போனது. சான்சிபார், பெம்பா தீவுகளின் கிராம்புத் தோட்டங்களில் வேலை செய்தவர்கள் உள்நாட்டிலிருந்து பிடித்துவரப்பட்டவர்கள். தந்தமும் அடிமைகளும் வந்த அதே நடைத்தடத்தில்தான் சுவாஹிலி மொழியும் தாங்கனிகா ஏரியைத் தாண்டிக் காங்கோ வரை போனது. ஒரு மொழி பரவியதைக் கொண்டாடும்போது அது எந்தக் கால்களில் நடந்து போனது என்பதையும் நினைக்க வேண்டும், அந்தக் கால்களில் பல சங்கிலியில் இருந்தன. நம் நாட்டுக்கும் பங்கு உண்டு: சான்சிபாரின் சுங்கத்தைக் குத்தகைக்கு எடுத்ததும், உள்நாட்டுப் பயணங்களுக்கு வட்டிக்குப் பணம் கொடுத்ததும் பெரும்பாலும் கட்ச் பகுதி வணிகர்கள். 1873இல் சான்சிபார் சுல்தான் பர்கஷ் ஆங்கிலேயரின் நெருக்குதலில் உடன்படிக்கையில் கையெழுத்திட, அங்கே இருந்த அடிமைச் சந்தை மூடப்பட்டது. சந்தை இருந்த இடத்தில் இப்போது ஒரு பேராலயம் இருக்கிறது. சட்டப்படி அடிமை நிலையே ஒழிந்தது 1897இல்.

மொழியிலும் அந்தத் தழும்பு இருக்கிறது. நாகரிகம் என்பதற்கு அந்தக் கரையில் 'உங்வானா' என்ற சொந்தச் சொல் இருந்தது. ஓமானியர் ஆட்சிக்காலத்தில் அதைத் தள்ளிவிட்டு 'உஸ்தாராபு' வந்தது. அதற்குள்ளேயே 'அராபு' இருக்கிறது பாருங்கள், அரபியனைப் போல நடப்பதுதான் நாகரிகம் என்ற அர்த்தம். ஆப்பிரிக்க எழுத்தாளர்கள் பலருக்கு அந்தச் சொல் இன்றும் உறுத்துகிறது, உறுத்துவதில் நியாயம் இருக்கிறது. ஆனால் அதே அரபியிலிருந்து வந்த 'ஹுரு' என்ற சொல்லுக்கு, சுதந்திரமானவன் என்று பொருள், முன்னால் ஒரு பாண்டு 'உ' சேர்த்து 'உஹுரு' என்று ஆக்கி, 1950களிலும் 60களிலும் ஊர்வலங்களில் முழங்கினார்கள். விடுதலை. அடிமைச் சந்தையை அறிந்த ஒரு மொழியில் அந்தச் சொல் எப்படி ஒலித்திருக்கும் என்று யோசித்துப் பார்க்கிறேன்.

கேள்வி: போர்த்துகீசியச் சொற்களும் உண்டா? (யாழ்ப்பாண வாசகி)

பதில்: உண்டு, குறைவு. உங்களுக்கும் அவர்களுக்கும் பொதுவாகவே இரண்டு: மேசை அங்கே 'மேசா', லேஞ்சி (கைக்குட்டை) அங்கே 'லேசோ'. சிறைக்கு 'கெரெசா' என்பார்கள், அது போர்த்துகீசிய மொழியில் தேவாலயத்தைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது.

கேள்வி: 'தாராபு' இசையைக் கேட்டேன், அரபுப் பாட்டு போலவும் இந்திப் பாட்டு போலவும் இருக்கிறது. யாருடையது அது? (மதுரை வாசகர்)

பதில்: அந்தக் கரையுடையது. சுல்தான் பர்கஷின் அரண்மனையில் எகிப்திலிருந்து வந்த இசை அது, முதலில் அரபியில்தான் பாடினார்கள், கேட்டவர்களும் அரண்மனைக்காரர்கள்தான். அதைத் தெருவுக்குக் கொண்டுவந்தவர் சித்தி பிந்தி சாத் என்ற பெண். அடிமைக் குடும்பத்தில் பிறந்தவர், கிராமத்தில் பானை விற்றவர், நகரத்துக்கு வந்து சுவாஹிலியில் பாடினார், ஊர் மொழியில் ஊர் நடப்பைப் பாடினார். 1928இல் அவரும் குழுவினரும் இசைத்தட்டு பதிவு செய்யக் கப்பலேறிப் பம்பாய்க்கு வந்தார்கள். சுவாஹிலிப் பாட்டு முதன்முதலாகத் தட்டில் ஏறிய காலம் அது. அந்தத் தட்டுகள் திரும்பிப் போய் மொம்பாசா, சான்சிபார் காப்பிக்கடைகளில் ஓடின. நீங்கள் கேட்டது புதிய குழுவின் பாட்டாக இருக்கும். முடிந்தால் பழைய பதிவையும் தேடிக் கேளுங்கள், தட்டின் கரகரப்புக்கு நடுவே அந்தக் குரல் இன்னும் கனமாக வருகிறது.